ஓசூரில் சரக்கு, பெங்களூரில் பாக்கி... ‘பில்’ திரும்பினால் கேஸ் எங்கே போடுவது?

ஓசூர் சிப்காட்டில் ஒரு சின்ன பட்டறை. ஜூஜூவாடியைத் தாண்டினால் கர்நாடகா. அங்கே பொம்மசந்திராவில் உள்ள கம்பெனிக்கு 8 லட்சம் ரூபாய்க்கு உதிரிபாகம் அனுப்புகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். பணம் வரவில்லை. 90 நாளில் தருவதாகக் கையெழுத்துப் போட்ட ஒரு தாள் மட்டும் வருகிறது. சட்டப்படி மேலும் 3 நாள் அவகாசம் உண்டு. 93-வது நாளும் பணம் வரலைன்னா?

அந்தத் தாள்தான் பில் ஆஃப் எக்ஸ்சேஞ்ச், அதாவது மாற்றுச் சீட்டு. ஜிஎஸ்டி இன்வாய்ஸையும் நாம ‘பில்’னுதான் சொல்றோம், ஆனால் அது வேற. மாற்றுச் சீட்டை விற்றவர் எழுதுவார். வாங்கியவர் அதை ஏற்றுக் கையெழுத்திட வேண்டும். அந்தக் கையெழுத்து இல்லையென்றால், பில்லை வைத்து அவரைப் பிடிக்க முடியாது.

செக் பவுன்ஸ் ஆனால் 2 ஆண்டு வரை சிறை என்பது பலருக்கும் தெரியும். 1881-ம் ஆண்டு மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-வது பிரிவு அது. அந்தப் பிரிவு செக்குக்கு மட்டும்தான். அதே சட்டத்தில் இருந்தாலும் பில்லுக்கு அது பொருந்தாது. பலர் ஏமாறும் இடம் இதுதான்.

எந்த ஊர் கோர்ட்?

செக் விஷயத்தில் எல்லையோர ஊர்க்காரர்கள் ஒருமுறை நன்றாகவே அலைந்தார்கள். செக் கொடுத்தவரின் வங்கிக் கிளை எங்கே இருக்கிறதோ அங்கேதான் வழக்கு என்று 2014 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பெங்களூரு செக் என்றால் பெங்களூருக்குத்தான் போகணும். 2015-ல் சட்டத் திருத்தம் இதை மாற்றியது. இப்போது கணக்கில் போட்ட செக் திரும்பினால், பணம் பெற வேண்டியவர் கணக்கு வைத்திருக்கும் கிளை உள்ள ஊரில் வழக்கு. கணக்கு ஓசூரில் இருந்தால் ஓசூர். பட்டறை ஓசூரில், கணக்கு மட்டும் அத்திப்பள்ளியில் என்றால் மறுபடி கர்நாடகாதான்! செக் திரும்பிய தகவல் வந்த 30 நாளுக்குள் நோட்டீஸ் அனுப்பணும். நோட்டீஸ் கிடைத்து 15 நாளில் பணம் வராவிட்டால், அடுத்த ஒரு மாதத்துக்குள் புகார்.

பில்லுக்கு சிவில் வழக்கு. எதிர்த்தரப்பு தொழில் செய்யும் ஊரிலும் போடலாம். வழக்குக்கான காரணம் எழுந்த ஊரிலும் போடலாம். அதனால் ‘பணம் ஓசூரில் தரப்பட வேண்டும்’ என்று பில்லிலேயே எழுதி வாங்குவது பின்னால் கைகொடுக்கும். சிவில் நடைமுறைச் சட்டத்தின் 37-வது ஆணைப்படி சுருக்கமுறை வழக்காகத் தொடரலாம். இதில் எதிராளி நினைத்தபடி வாதாட முடியாது; கோர்ட்டின் அனுமதி வேண்டும். ‘சரக்கு தரமில்லை’ என்று சும்மா சொன்னால், பணத்தை டெபாசிட் செய்யச் சொல்லவும் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. ஆனால் வணிக வழக்கின் தொகை 3 லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ இருந்தால், அவசர நிவாரணம் கேட்காதவரை, முதலில் மத்தியஸ்தத்துக்குப் போயாக வேண்டும். பில்லில் தேவையான முத்திரைத் தீர்வை இல்லையென்றால் கோர்ட் அதைச் சான்றாக ஏற்காது. பின்னால் அபராதம் கட்டியும் சரிசெய்ய முடியாது.

கோர்ட்டுக்குப் போகாத வழியும் உண்டு. உத்யம் பதிவுள்ள குறு, சிறு நிறுவனங்கள் 2006-ம் ஆண்டு எம்எஸ்எம்இ சட்டப்படி வசதியாக்க மன்றத்தை அணுகலாம். வாங்கியவர் இந்தியாவில் எங்கிருந்தாலும், விற்றவரின் ஊர்ப்பக்கத்து மன்றமே விசாரிக்கும். ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருந்தாலும் கெடு 45 நாளைத் தாண்டக் கூடாது. தாண்டினால் ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி விகிதத்தைப் போல 3 மடங்கு கூட்டு வட்டி.

பில்லை வங்கியில் தள்ளுபடி செய்து முன்கூட்டியே பணம் வாங்கியவர்களுக்கு இன்னொரு சிக்கல். பொம்மசந்திரா கம்பெனி பணம் கட்டாவிட்டால், நோட்டீஸ் கொடுத்துவிட்டு வங்கி பில் எழுதியவரிடமே கேட்கலாம். எழுதியவர், ஓசூர் பட்டறைக்காரர்தான்.