24 விநாடிப் பயணம்

பிள்ளைகளே, முதலில் ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். நமது கோமாரி வழியாகப் பொத்துவிலுக்குப் போகும் பெரிய வீதியின் அகலம் 7 மீற்றர் என்று வைத்துக்கொள்ளுங்கள். 3 மீற்றர் நீளமான ஒரு வெங்கணாந்திப் பாம்பு இரவில் அதைக் கடக்கிறது. தலை தாரில் பட்டதிலிருந்து வால் மறுகரையில் இறங்கும்வரை அது 10 மீற்றர் ஊர வேண்டும். பெரிய வெங்கணாந்தி நிதானமாகப் போகும்போது மணிக்கு ஒன்றரைக் கிலோமீற்றர் அளவில்தான் நகரும். அப்படியென்றால் வீதியைக் கடக்க எத்தனை விநாடி? 24. அதே 24 விநாடியில், மணிக்கு 60 கிலோமீற்றர் வேகத்தில் வரும் ஒரு வான் 400 மீற்றர் ஓடிவிடும். பாம்பு தாரில் தலை வைக்கும்போது அந்த வானின் சாரதிக்கு அது தெரியவே தெரியாது. தெரியும்போது நிறுத்த இடமிருக்காது.

இரவில் பாம்பு ஏன் வீதிக்கு வருகிறது என்று கேட்பீர்கள். இரை தேடியோ, இணை தேடியோ, தண்ணீர் தேடியோ வரும். இன்னொரு காரணமும் உண்டு. பாம்புக்கு உடம்பைச் சூடாக்க வெளியிலிருந்து வெப்பம் வேண்டும். பகல் முழுக்க வெயிலில் கிடந்த தார், இருட்டிய பிறகும் நெடுநேரம் சூடாக இருக்கும். அந்தச் சூட்டுக்காகச் சில பாம்புகள் வீதியிலேயே படுத்துவிடும். வண்டி நெருங்கும்போது ஓடாமல் அப்படியே உறைந்துபோகும் பாம்புகளையும் ஆய்வாளர்கள் பார்த்திருக்கிறார்கள். காட்டில் எதிரி வந்தால் அசையாமல் கிடப்பது நல்ல தந்திரம். லொறிச் சக்கரத்திடம் அந்தத் தந்திரம் பலிக்காது.

வெங்கணாந்தியைப் புத்தகங்களில் மலைப்பாம்பு என்று படித்திருப்பீர்கள். உலகில் மலைப்பாம்பு இனங்கள் பல உண்டு; இலங்கையில் இருப்பது ஒன்றே ஒன்று. இந்தியா, பாகிஸ்தான், நேபாளம் ஆகிய நாடுகளிலும் அதே இனம் வாழ்கிறது. நமது பக்கத்துப் பற்றைக் காடுகளும், குளக்கரைகளும், களப்போரங்களும் அதற்குப் பிடித்த இடங்கள். 10 அடி வளர்வது சாதாரணம். 15 அடிக்கு மேல் போவது மிக மிக அரிது. நஞ்சு இல்லை. ஆனால் உள்பக்கம் வளைந்த கூரிய பற்கள் இருக்கின்றன. பிடித்து இழுத்தால் கடிக்கும், காயம் ஆழமாகவே இருக்கும்.

அது இரையைக் கொல்லும் விதம் தெரியுமா? சுற்றி இறுக்கி மூச்சை அடைக்கிறது என்றுதான் நெடுங்காலம் நம்பினார்கள். 2015ஆம் ஆண்டு அமெரிக்க ஆய்வாளர்கள், மலைப்பாம்பைப் போலவே இரையை இறுக்கிக் கொல்லும் போவாப் பாம்பை வைத்துப் பார்த்தார்கள். அது எலியைச் சுற்றியதும் எலியின் இரத்த ஓட்டமே சில விநாடிகளில் தடைப்பட்டது. மூச்சு முட்டும் முன்பே இதயம் செயலிழக்கத் தொடங்கியது. மலைப்பாம்புக்கு இன்னொரு வியப்பான உறுப்பும் உண்டு. அதன் உதட்டோரத்தில் சின்னச் சின்னக் குழிகள் இருக்கும். கும்மிருட்டில்கூட எலியின் உடல் சூட்டை அவை உணர்ந்துகொள்ளும்.

சாப்பாட்டு விடயத்தில் இதைப்போல் ஒரு பிராணியைக் காண்பது கடினம். முயல், எலி, முள்ளம்பன்றி, சருகுமான், பறவை என்று கிடைப்பதை முழுதாக விழுங்கும். பிறகு வாரக்கணக்கில், சில வேளை மாதக்கணக்கில் எதுவும் தின்னாமல் இருக்கும். நமது வெங்கணாந்தியின் மிக நெருங்கிய உறவு பர்மிய மலைப்பாம்பு. அது இரை விழுங்கிய இரண்டே நாளில் அதன் இதயம் 40 சதவீதம் பெருத்துவிடுவதை 2005இல் அளந்து காட்டினார்கள். செரித்து முடிந்ததும் இதயம் பழைய அளவுக்குத் திரும்பிவிடும்.

ஆனால் வயிறு நிறைந்த வெங்கணாந்தியால் வேகமாக ஓட முடியாது. ஊரில் அது மாட்டிக்கொள்வது பெரும்பாலும் இந்த நேரத்தில்தான். இரவில் கோழிக்கூட்டின் இடுக்கு வழியாக நுழையும். கோழியை விழுங்கும். வீங்கிய வயிற்றோடு அதே இடுக்கால் வெளியே வர முடியாது. விடிந்ததும் ஆட்கள் கூடி, பொல்லால் அடிப்பார்கள். அடிக்காவிட்டாலும் சுற்றி நின்று கல்லெறிந்து வாலைப் பிடித்து இழுப்பார்கள். பயந்த பாம்பு, உடம்பை இலேசாக்கித் தப்பிப்பதற்காக விழுங்கியதையெல்லாம் கக்கிவிடும். பல வாரத்துச் சாப்பாடு அத்தோடு போயிற்று.

அடுத்த ஆபத்து வலை. நமது கரையோரத்தில் அதற்குக் குறைவில்லை. கடலுக்கு உதவாத பழைய நைலோன் வலையைத் தோட்டத்துக்கும் கோழிக்கூட்டுக்கும் வேலியாகக் கட்டுகிறோம். பாம்பின் செதில்கள் தலையிலிருந்து வால்பக்கமாக அடுக்கப்பட்டவை. கண்ணிக்குள் முன்னால் நுழைவது எளிது. பின்னால் வர முயன்றால் செதிலோரங்கள் நூலில் கொளுவிக்கொள்ளும். திமிறத் திமிற நூல் தோலை அறுக்கும். காட்டுப் பன்றிக்கு வைக்கும் சுருக்குக் கம்பியும் இதே வேலையைச் செய்யும்.

ஆள் மாறாட்டத்தால் சாகும் பாம்புகளும் உண்டு. வெங்கணாந்திக் குட்டியைக் கண்ணாடிப் புடையன் என்று நினைத்து அடித்துவிடுகிறார்கள். புடையன் கொடிய நஞ்சுள்ளது, வயலில் இறங்குபவர்கள் அதற்கு அஞ்சுவது நியாயம். புடையனின் முதுகில் முட்டை வடிவப் புள்ளிகள் சங்கிலிபோல் மூன்று வரிசையாக ஓடும். வெங்கணாந்தியின் திட்டுகள் பெரிதாக, ஒழுங்கில்லாமல் இருக்கும். ஆனால் இதைச் சோதித்துப் பார்க்க ஒருபோதும் கிட்டப் போகாதீர்கள். எந்தப் பாம்பானாலும் நின்ற இடத்திலிருந்து பின்னால் நகர்ந்துவிடுங்கள்.

இனி எனக்கு மிகவும் மனவருத்தம் தரும் விடயத்துக்கு வருகிறேன். தாய் வெங்கணாந்தி முட்டைகளைக் குவித்து, அவற்றைச் சுற்றிச் சுருண்டு படுத்துக்கொள்ளும். பொரிக்க இரண்டு மாதமளவு ஆகும். இந்த நாட்களில் அது பெரும்பாலும் இரை தேடிப் போவதில்லை. குளிர்ந்தால் தசைகளைத் துடிக்க வைத்துத் தன் உடலில் சூடு உண்டாக்கி முட்டைகளுக்குக் கொடுக்கும். பர்மிய மலைப்பாம்பு இப்படிச் செய்வதை நியூயோர்க் மிருகக்காட்சிசாலையில் வெப்பமானி வைத்து அளந்து 1966இல் அறிவித்தார்கள். அப்படிப் படுத்திருக்கும் தாய் இலேசில் முட்டைகளை விட்டு எழும்பாது. சேனைக்காகப் பற்றைக்குத் தீ வைக்கும்போதும், காணி துப்புரவாக்க டோசர் இறங்கும்போதும் அந்தத் தாயின் கதி என்ன என்று யோசியுங்கள். பெரிய தாய்ப்பாம்புதான் அதிக முட்டையிடும். ஊரார் கண்ணில் முதலில் படுவதும் அந்தப் பெரிய பாம்புதான்.

வெங்கணாந்திக்கு வீடும் குறைந்து வருகிறது. தானாகப் பொந்து தோண்ட அதற்குத் தெரியாது. இந்தியாவின் பரத்பூரில் கேவலாதேவ் தேசியப் பூங்காவில் மலைப்பாம்புகளைப் பல ஆண்டுகள் ஆராய்ந்தவர் எஸ். பூபதி. கோயம்புத்தூரில் உள்ள சாலிம் அலி பறவையியல் மையத்தில் பணியாற்றிய தமிழர் அவர். பரத்பூரில் மலைப்பாம்புகள் முள்ளம்பன்றி தோண்டிய வளைகளில் தங்குவதை அவர் பதிவு செய்தார். ஆகவே முள்ளம்பன்றியை இறைச்சிக்காக வேட்டையாடி ஒழித்தால் வெங்கணாந்தியும் வீடிழக்கும். ஊர்வனவற்றுக்காகவே வாழ்ந்த அந்த மனிதர் 2014இல் அகத்தியமலையில் களப்பணியின்போது விழுந்து காயப்பட்டு இறந்தார்.

தோலுக்காகவும் மலைப்பாம்புகளைக் கொல்கிறார்கள். தென்கிழக்கு ஆசியாவிலிருந்து கைப்பை, சப்பாத்து செய்ய ஆண்டுக்கு ஏறக்குறைய 5 இலட்சம் மலைப்பாம்புத் தோல்கள் ஏற்றுமதியானதாக 2012இல் ஓர் அறிக்கை வெளிவந்தது. நமது வெங்கணாந்தி இனத்தை நாட்டுக்கு நாடு வணிகம் செய்யப் பன்னாட்டு உடன்படிக்கை தடை போட்டிருக்கிறது. இலங்கைச் சட்டமும் வெங்கணாந்தியைப் பாதுகாக்கிறது. அதைக் கொல்வது குற்றம்.

அமெரிக்காவின் புளோரிடாவில் கதை வேறு. அங்கே செல்லப்பிராணியாகக் கொண்டுபோன பர்மிய மலைப்பாம்புகள் வெளியே விடப்பட்டும் தப்பியும் காட்டில் பெருகின. அவற்றால் அந்த மண்ணின் சிறு விலங்குகள் அழிந்துவருகின்றன. அந்த மலைப்பாம்புகளைப் பிடிக்க 2017இல் தமிழ்நாட்டிலிருந்து மாசி சடையன், வடிவேல் கோபால் என்ற, பாம்பு பிடிப்பதில் தேர்ந்த இருளர் பழங்குடியினர் இருவரை அழைத்தார்கள். ஒரு மாதத்துக்குள் 27 பாம்புகளைப் பிடித்துக் கொடுத்தார்கள். 2023இல் இருவருக்கும் இந்திய அரசு பத்மஸ்ரீ விருது வழங்கியது. புளோரிடாவில் அந்தப் பாம்பு அழையாமல் வந்த விருந்தாளி. கோமாரியில் வெங்கணாந்தி நமக்கு முன்பே குடியிருந்த சொந்தக்காரன்.

அதனால் உங்களிடம் சிலவற்றைக் கேட்கிறேன். வாப்பாவோ அப்பாவோ இரவில் வண்டி ஓட்டினால், காட்டோர வீதியில் வேகத்தைக் குறைக்கச் சொல்லுங்கள். தேவையில்லாத வலையைச் சுருட்டி வீட்டுக்குள் வையுங்கள். கோழிக்கூட்டின் இடுக்குகளைச் சின்னக் கண்ணிக் கம்பி வலையால் அடைக்கச் சொல்லுங்கள். கோழியும் தப்பும், பாம்பும் தப்பும். வெங்கணாந்தியைக் கண்டால் கல்லெறிய விடாதீர்கள், படமெடுக்கவும் கிட்டப் போகாதீர்கள். வழி விட்டால் பெரும்பாலும் அது தானாகப் போய்விடும். வலையில் சிக்கியிருந்தால் நீங்கள் தொடவேண்டாம். பெரியவர்களிடம் சொல்லி வனஜீவராசிகள் திணைக்களத்துக்கு உடனே அறிவிக்கச் செய்யுங்கள்.