நம் செம்மறியும் நமது கடமையும்

அறுவடைக்குப் பின் கடலூரிலிருந்து சிதம்பரம் செல்வோர், நெல்லரிதாள் நின்ற வயல்களில் செம்மறிகள் கிடை மடக்கப்பட்டிருப்பதைக் காணலாம். இரவெல்லாம் அவை இடும் புழுக்கையும் மூத்திரமும் நிலத்துக்கு எருவாகின்றன. குடியானவன் கிடைக்குக் கூலி கொடுக்கிறான், இடையன் பிழைக்கிறான். இருவருக்கும் லாபமான இவ்வேற்பாட்டைவிடச் சிறந்த சுதேசியம் வேறு யாது?

செங்கற்பட்டு முதல் கடலூர் வரையுள்ள ஜில்லாக்களுக்குரிய செம்மறியினம் 'சென்னைச் சிவப்பு' எனப்படும். இதன் உடம்பில் கம்பளிக்குரிய ரோமமில்லை, குறுமயிரே உண்டு. ஆகவே நமது வெயிலைப் பொறுக்கிறது. கடாவுக்கு முறுக்கிய கொம்புண்டு; பெட்டைக்கு இல்லை. கடா சுமார் 35 கிலோவும், பெட்டை சுமார் 23 கிலோவும் நிறுக்கும். இச்சிற்றுருவைக் கண்டு இகழ்வோர், பெரிய அந்நியக் கடாக்களை மந்தையில் விட்டால் ஒரே தலைமுறையில் லாபம் பெருகுமென்று நினைக்கலாம்.

அவர்களுக்கு நாம் கீன்யா தேசத்தைக் காட்டுகிறோம். அங்கே மஸாய் ஜனங்களின் செம்மறியும் செந்நிறமும் குறுமயிரும் உடையதே. குடற்புழுவை எதிர்த்து நிற்கும் வன்மைக்குப் பேர்பெற்றது. 1970-களின் நடுவிலிருந்து தென்னாப்பிரிக்காவின் டோர்ப்பர் இனத்தை அதனுடன் கலந்தனர். குட்டிகள் பெருத்தன. ஆனால் ஈரமும் புழுவும் மிகுந்த கடற்கரைப் பிரதேசத்தில் டோர்ப்பர் ஆடுகள் ஏராளமாக மடிந்தன. மஸாய் ஆடுகள் தாங்கி நின்றன. அதற்குள் வரைமுறையற்ற கலப்பினால் சுத்தமான மஸாய் ஆடே அரிதாகிவிட்டது. வடகிழக்குப் பருவமழையில் சேறாகும் நமது கடற்கரைக்கு இதைவிடத் தக்க எச்சரிக்கை வேண்டுமோ?

கலப்பே கூடாதென்பது நமது வாதமன்று. பரீக்ஷித்துப் பாராமல் கலப்பதையே கண்டிக்கிறோம். உள்ள இனத்திலேயே சிறந்த கடாவைப் பொறுக்கி மந்தைக்கு விடுதல் நிதானமான வழி. ஆனால் அதில் நஷ்டமில்லை. செங்கற்பட்டு ஜில்லாவிலுள்ள காட்டுப்பாக்கம் ஆராய்ச்சி நிலையம் இவ்வழியில் உழைத்திருக்கிறது. அதன் பலன் சிதம்பரம் தாலுகாவின் கடைசிப் பட்டிவரை எட்ட வேண்டும்.

கடா மட்டும் போதாது. மேயப் புல்லும் வேண்டும். மேய்ச்சல் புறம்போக்கை ஆக்கிரமிப்பவர், இடையனை மட்டுமன்று, அவன் கிடையை நம்பிய குடியானவனையும் வஞ்சிக்கிறார். கிராமத் தொண்டில் ஈடுபட்ட அன்பர்கள் தத்தம் ஊர்ப் புறம்போக்கின் எல்லையை இன்றே விசாரித்தறியட்டும். பஞ்சாயத்து கூடும்போது இடையனையும் அழைத்து முன்வரிசையில் உட்கார வைக்கட்டும். அந்நியச் சரக்கை விலக்கிய நாட்டில், வீட்டுச் செல்வம் கேட்பாரற்று அழிவது நமக்கு மானக்கேடன்றோ?