ஜுருச் சேற்றில் பிழைக்கும் உயிர்கள்

கடுங்குளிரைத் தாண்ட விலங்குகளுக்கு மூன்று வழிகள் உண்டு: இடம் பெயர்வது, உடலை அடக்கிக் கிடப்பது, வேண்டியதைச் சேர்த்து வைப்பது. பினாங்கில், பனியே விழாத ஜுருப் பகுதிக் கடலோரச் சேற்றில் இந்த மூன்று வித்தைகளும் நடக்கின்றன.

வடக்கே குளிர் நெருங்கியதும் பவளக்காலி, மூக்கன், உள்ளான் ஆகிய பறவைகள் பினாங்கின் பெருநிலக் கரைக்கு வலசை வருகின்றன. பட்டைவால் மூக்கன் கிளம்புமுன் கொழுப்பை ஏற்றிக்கொண்டு, பறக்கையில் தேவைப்படாத செரிமான உறுப்புகளைச் சுருக்கிக்கொள்ளும். 2022இல் அந்த இனத்தின் இளம் பறவை ஒன்று அலாஸ்காவிலிருந்து டாஸ்மேனியாவுக்கு 13,560 கிலோமீட்டரை 11 நாளில், எங்கும் இறங்காமல் பறந்து கடந்தது. அப்படி வற்றி வந்து சேரும் உடலுக்கு உடனே இரை வேண்டும். அது சேற்றுக்குள் இருக்கிறது.

சேறும் எளிய வீடன்று. நாளுக்கு இருமுறை கடல் வற்றும், வெயில் சுடும், சற்றே ஆழத்தில் ஆக்சிஜன் இருக்காது. கெராங் என்னும் சிப்பி தன் ஓட்டை இறுக மூடி, உடல் இயக்கத்தைத் தணித்துக்கொள்கிறது. ஆர்க்டிக் தரை அணில் உடல் வெப்பத்தைச் சுழியத்துக்கும் கீழே, மைனஸ் 2.9 டிகிரி வரை இறக்கி மாதக்கணக்கில் உறங்குகிறதே, அந்தச் சிக்கனத்தைக் கெராங் சில மணி நேரத்துக்குக் கையாள்கிறது. நம் இரத்தத்தைப் போலவே அதன் குருதியிலும் ஹீமோகுளோபின் உண்டு. ஆக்சிஜன் அரிதான சேற்றில் அது பெரிய துணை.

சேற்றில் தாவித் திரியும் பெலாச்சாக் மீனோ சேர்த்து வைக்கும் வகை. வாய் நிறையக் காற்றைக் கவ்விச் சென்று, நீர் நிறைந்த வளைக்குள் விடுகிறது. வளையில் காற்று சேமிக்கப்படுவதை 1998இல் ‘நேச்சர்’ இதழில் ஆய்வாளர்கள் விவரித்தனர்.

குளிரையும் வறட்சியையும் மூச்சுமுட்டலையும் சமாளிக்க இவ்வுயிர்கள் பல லட்சம் ஆண்டுகளில் பழகின. ஆலைக் கழிவோ நேற்று வந்தது. 1970களில் பிறை தொழிற்பேட்டைக் கழிவு ஜுரு ஆற்றில் கலந்து, கோலா ஜுரு மீனவர்களின் பிழைப்பைக் குலைத்தது. அவர்கள் சோர்ந்துவிடாமல் கூட்டுறவாகக் கெராங் வளர்த்தார்கள். பினாங்கு பயனீட்டாளர் சங்கம் அவர்களுக்காகக் குரல் கொடுத்தது.

கெராங் எத்தனை நேரம் ஓட்டை மூடிக் கிடந்தாலும், உண்ணத் திறந்தே ஆக வேண்டும். அப்போது நீரோடு கன உலோகமும் உள்ளே போகும். அந்த உலோகத்தை முழுதாகத் தடுக்கும் வித்தை கெராங்கிடம் இல்லை. கழிவை ஆலை வாசலிலேயே தடுக்க மனிதரால் மட்டுமே முடியும்.