பெயரறியா நோயும் தடுப்பூசியும்

தடுப்பூசி என்ற சொல்லைக் கேட்டவுடன் ஊசிமுனையும் மருந்துப் புட்டியும் நம் மனக்கண்முன் வருகின்றன. ஆனால், எந்தத் தடுப்பூசியும் புட்டியில் பிறப்பதில்லை; ‘இஃது என்ன நோய்?’ என்ற வினாவில்தான் பிறக்கிறது. அவ்வினாவிற்குத் தவறான விடை கிடைத்துவிட்டால், மருந்து எவ்வளவு உயர்ந்ததாயினும் பயன்படாது. திருவள்ளுவர் ‘மருந்து’ என்னும் அதிகாரத்தில் மருத்துவனுக்கு ஒரு வரிசையை வகுத்துக் காட்டியிருக்கிறார். நோய் இன்னதென்று அறிதல் முதலாவது. அதன் மூலத்தை அறிதல் அடுத்தது. தணிக்கும் வழியை நாடுதல் அதற்கும் பிறகு. குறளைக் கற்பிக்கும் நாம் இவ்வரிசையை வகுப்பில் பலமுறை விளக்கியிருப்போம். அவ்வரிசை பிசகினால் என்ன நேரும், நேர்பட்டால் என்ன விளையும் என்பதற்கு நம் மலேசிய மண்ணிலேயே ஒரு சான்று உண்டு. 1998, 1999 ஆம் ஆண்டுகளில் தோன்றிய நிப்பா நோயே அது.

பினாங்கில் பிறந்த மருத்துவர்

நிப்பாவைப் பற்றிக் கூறுமுன், பினாங்கு மண்ணின் மைந்தர் ஒருவரை நினைவுகூர்தல் பொருத்தமாகும். டாக்டர் வூ லியன் தே 1879 ஆம் ஆண்டு இங்கே பிறந்தார். பினாங்கு ஃபிரீ பள்ளியில் பயின்றார். உபகாரச் சம்பளம் பெற்றுக் கேம்பிரிட்ஜ் சென்று மருத்துவம் கற்றார். 1910 ஆம் ஆண்டின் இறுதியில் மஞ்சூரியாவில் ஒரு கொள்ளைநோய் பரவியபோது, சீன அரசு அவரை ஹார்பின் நகருக்கு அனுப்பியது.

பிளேக் என்றால் எலியும் அதன்மேல் வாழும் தெள்ளுப்பூச்சியுமே காரணம் என்று அந்நாளைய மருத்துவ உலகம் உறுதியாக நம்பியது. வூ, அந்நோயால் இறந்த ஒருவரின் உடலை அறுத்துச் சோதித்தார். நோயாளிகளின் நுரையீரலையே கிருமி பற்றியிருந்தது. இது மூச்சின் வழியாக மனிதரிடமிருந்து மனிதருக்கு நேரே தொற்றும் பிளேக் என்று அவர் முடிவு செய்தார். பஞ்சும் மெல்லிய துணியும் கொண்ட முகக்கவசத்தை அணியச் செய்தார். நோயுற்றோரைத் தனியே பிரித்து வைத்தார். மெஸ்னி என்ற மூத்த பிரெஞ்சு மருத்துவர் இக்கருத்தை ஏற்கவில்லை. கவசமின்றியே நோயாளிகளைப் பார்த்தார். சில நாள்களில் அந்நோய்க்கே இரையானார். ஏறத்தாழ 60,000 உயிர்களைக் குடித்த அக்கொள்ளைநோய் 1911 ஆம் ஆண்டின் முற்பகுதியில் அடங்கிற்று. அதை அடக்கியது புதிய மருந்தன்று. நோயைச் சரியாக இனங்கண்ட அறிவேயாகும்.

வூ பின்னாளில் ஈப்போ நகரில் மருத்துவத் தொழில் நடத்தி, 1960 ஆம் ஆண்டு பினாங்கில் காலமானார். அதே ஈப்போ வட்டாரத்தில்தான், அவர் மறைந்து முப்பத்தெட்டு ஆண்டுகள் கழித்து, நிப்பாவின் கதை தொடங்குகிறது.

கொசுவின்மேல் விழுந்த பழி

1998 செப்டம்பர் இறுதியில் ஈப்போவை அடுத்த கிந்தா வட்டாரத்துப் பன்றிப் பண்ணைகளில் வேலை செய்தோர் சிலருக்குக் கடுங்காய்ச்சலும் தலைவலியும் கண்டன. மயக்கம் தொடர்ந்தது, மூளை வீக்கமுற்றுச் சிலர் மாண்டனர். ஜப்பானிய மூளைக்காய்ச்சல் நம் நாட்டிற்குப் புதியதன்று. அந்நோயின் கிருமி பன்றியின் உடலில் பெருகிக் கொசுவின் வழியே மனிதரை வந்தடைகிறது. நோயுற்றோர் சிலரின் குருதியில் அந்நோய்க்குரிய எதிர்ப்பொருளும் காணப்பட்டது. ஆகவே, இது ஜப்பானிய மூளைக்காய்ச்சலே என்று கொண்டார்கள். கையில் கிடைத்த சான்றைக்கொண்டு செய்த முடிவு அது; அதை அறியாமை என்று இகழ்தல் நேர்மையாகாது.

கொசுப்புகை அடிக்கப்பட்டது. மக்களுக்கும் பன்றிகளுக்கும் தடுப்பூசி போடப்பட்டது. அது நல்ல தடுப்பூசிதான். ஆனால் வேறொரு நோய்க்கு உரியது. நோய் நிற்கவில்லை. இதற்கிடையே பன்றிகள் லாரிகளில் ஏற்றப்பட்டுத் தெற்கே விற்பனைக்குச் சென்றன. அவற்றுடன் நோயும் சென்றது. நெகிரி செம்பிலானில் சிக்காமட், அடுத்துப் புக்கிட் பெலாண்டோக் என்று பரவி, 1999 ஆம் ஆண்டின் தொடக்கத்தில் பேராபத்தாக மூண்டது.

பொருந்தாத ஐந்து உண்மைகள்

மருத்துவர் சிலருக்கு ஐயம் எழுந்தது. அவ்வையத்திற்கு அடிப்படையான உண்மைகளை எண்ணிக்கையிட்டுப் பார்ப்போம்.

முதலாவது, ஜப்பானிய மூளைக்காய்ச்சல் பெரும்பாலும் குழந்தைகளைத் தாக்குவது. இங்கே வீழ்ந்தவர்களோ வளர்ந்த ஆடவர்கள். இரண்டாவது, கொசு எல்லாரையும் கடிக்கும். ஆனால் பன்றியோடு நெருங்கிப் பழகியவர்களே நோயுற்றனர், அதே ஊரில் வாழ்ந்த மற்றவர்கள் பெரும்பாலும் தப்பினர். மூன்றாவது, ஜப்பானிய மூளைக்காய்ச்சலின் கிருமி பலர் உடலில் புகுந்தாலும் மிகச் சிலருக்கே நோய் முற்றும். இங்கே ஒரே வீட்டில் பலர் படுக்கையில் வீழ்ந்தனர். நான்காவது, தடுப்பூசி போட்டுக்கொண்டவர்களையும் நோய் விடவில்லை. ஐந்தாவது, மனிதர் நோயுறுமுன் பன்றிகளே மூச்சுத் திணறித் தொலைவிலும் கேட்கும்படி உரக்க இருமின. ஜப்பானிய மூளைக்காய்ச்சல் வளர்ந்த பன்றியை இவ்வாறு இருமச் செய்வதில்லை.

ஒவ்வொன்றையும் தனியே எடுத்தால் ஏதேனும் சமாதானம் கூறிவிடலாம். ஐந்தையும் சேர்த்துப் பார்க்கும்போது, ‘நாம் வைத்த பெயர் தவறு’ என்பதைத் தவிர வேறு விடை இல்லை.

ஆய்வுக்கூடத்தில் கிடைத்த விடை

1999 மார்ச் தொடக்கத்தில் மலாயாப் பல்கலைக்கழக மருத்துவ ஆய்வுக்கூடத்திற்கு நோயாளிகளின் மூளைத்தண்டு நீர் வந்து சேர்ந்தது. பேராசிரியர் லாம் சாய் கிட் தலைமையில் இருந்த அத்துறையில் டாக்டர் சுவா காவ் பிங் என்ற இளம் ஆய்வாளர் அந்நீரை உயிரணுக்கள் வளரும் கண்ணாடிக் கலத்தில் இட்டார். சில நாள்களில் உயிரணுக்கள் ஒன்றோடொன்று ஒட்டி உருகிப் பெருந்திரள்களாயின. ஜப்பானிய மூளைக்காய்ச்சலின் நச்சுயிரி இவ்வாறு செய்யும் இயல்புடையதன்று. அவர் அந்த நச்சுயிரியைத் தாமே அமெரிக்காவிற்கு எடுத்துச் சென்றார். அங்கே நோய்த்தடுப்பு மையத்தின் ஆய்வுக்கூடத்தில் எலெக்ட்ரான் நுண்ணோக்கியின் கீழ் வைத்தபோது, அது அம்மை வகையைச் சார்ந்த தட்டம்மை, பொன்னுக்குவீங்கி ஆகியவற்றின் நச்சுயிரிகள் அடங்கிய குடும்பத்தைச் சேர்ந்தது என்று தெரிந்தது. 1994 ஆம் ஆண்டு ஆஸ்திரேலியாவின் பிரிஸ்பேன் நகரில் குதிரைகளையும் அவற்றின் பயிற்சியாளர் ஒருவரையும் கொன்ற ஹெண்ட்ரா நச்சுயிரிக்கு இது நெருங்கிய உறவு.

எந்த நோயாளியிடமிருந்து நச்சுயிரி கிடைத்ததோ அவருடைய ஊர் சுங்கை நிப்பா. ஆகவே நிப்பா என்ற பெயர் வந்தது. நிப்பா என்பது உப்பங்கழியில் வளரும் ஒரு பனைவகை. பழைய தோட்ட வீடுகளின் அத்தாப்புக் கூரையை வேய்ந்த ஓலை அதனுடையதே.

பெயர் தெரிந்தவுடன் வழியும் தெரிந்தது. கொசுவை விட்டுவிட்டுப் பன்றியின் பக்கம் திரும்பினார்கள். பன்றிகளின் நடமாட்டம் தடுக்கப்பட்டது. பத்து இலட்சத்திற்கும் மேற்பட்ட பன்றிகள் அழிக்கப்பட்டன. எத்தனையோ குடும்பங்களின் வாழ்வு அதனால் சிதைந்தது. எனினும் சில மாதங்களில் நோய் அடங்கிற்று. மலேசியாவில் நோயுற்றோர் 265 பேர். மாண்டோர் 105 பேர். சிங்கப்பூரில் பன்றிகளை அறுக்கும் கூடத்தில் வேலை செய்த 11 பேர் நோயுற்றனர், ஒருவர் மாண்டார். 1999 க்குப் பின் மலேசியாவில் மனிதரிடம் நிப்பா தலைகாட்டவில்லை.

நோயின் மூலம்

பன்றிக்கு இது எங்கிருந்து வந்தது? ஆய்வாளர்கள் பழந்தின்னி வௌவாலைச் சந்தேகித்தனர். தியோமான் தீவில் வௌவால்கள் தொங்கும் மரங்களின் அடியில் நெகிழித்தாள் விரித்து, அவற்றின் சிறுநீரைச் சேர்த்துச் சோதித்தனர்; நிப்பா கிடைத்தது. முதலில் நோய் கண்ட பண்ணையில் பன்றிக்கொட்டிலை ஒட்டி மாமரங்கள் இருந்தன. வௌவால் கடித்துப் போட்ட பழத்தைப் பன்றி தின்றது. பன்றியைப் பேணியவன் நோயுற்றான். வௌவால் குற்றவாளியன்று, அது தொன்றுதொட்டுச் சுமந்து வாழும் கிருமி அது. பழமரத்தையும் கொட்டிலையும் அருகருகே வைத்தது மனிதனின் செயல்.

இந்தியாவில் கண்டது

மேற்கு வங்கத்துச் சிலிகுரியில் 2001 ஆம் ஆண்டு ஒரு மூளைக்காய்ச்சல் மருத்துவமனைகளுக்குள்ளேயே பரவி நாற்பதுக்கும் மேற்பட்டோரைக் கொன்றது. அது நிப்பா என்பது, சேமித்து வைத்த மாதிரிகளைச் சில ஆண்டுகள் கழித்துச் சோதித்த பிறகே தெரிந்தது. வங்காள தேசத்தில் வௌவால் வாய்வைத்த ஈச்சம்பதநீரைக் காய்ச்சாமல் பருகியோருக்கு நோய் வந்தது. 2018 மே மாதத்தில் கேரளத்தின் கோழிக்கோட்டில் நோய் தோன்றியபோது, மணிப்பால் பல்கலைக்கழக ஆய்வுக்கூடம் விரைந்து அதை நிப்பா என்று கண்டது. புனே ஆய்வு நிலையம் உறுதி செய்தது. நோயாளிக்குப் பணிவிடை செய்த லினி என்ற செவிலியர் உள்ளிட்ட 17 பேர் மாண்டனர். ஆயினும் பெயர் விரைந்து தெரிந்தமையால், தொடர்பு கொண்டோரைத் தேடிப் பிரித்து வைக்க முடிந்தது. அடுத்த மாதமே நோய் ஒடுங்கிற்று. சிலிகுரிக்கும் கோழிக்கோட்டிற்கும் உள்ள வேறுபாட்டைக் கருதிப் பார்த்தால், அருகில் ஒரு நல்ல ஆய்வுக்கூடம் இருப்பதன் அருமை புலனாகும்.

தடுப்பூசி ஏன் தாமதம்?

நோயுற்றோரில் நூற்றுக்கு நாற்பது முதல் எழுபத்தைந்து பேர் வரை கொல்லும் இந்நோய்க்கு, 2025 வரையிலும் பொதுமக்களுக்கென ஒப்புதல் பெற்ற தடுப்பூசி இல்லை. காரணங்கள் மூன்று. கிருமியின் கொடுமையால், மிக உயர்ந்த பாதுகாப்புடைய ஆய்வுக்கூடங்களிலேயே இதை முழுமையாக ஆராய இயலும். நோய் எதிர்பாராத இடத்தில் சிலரிடம் தோன்றி விரைவில் மறைவதால், ஆயிரக்கணக்கானோருக்கு ஊசி போட்டு அதன் பயனை அளந்தறிய வாய்ப்பில்லை. நோயாளிகள் சிலராகவும் ஏழைகளாகவும் இருப்பதால், மருந்து வணிகத்திற்கு இதில் ஊதியம் இல்லை. இக்குறையைப் போக்கவே 2017 ஆம் ஆண்டு பல நாடுகளும் அறநிலையங்களும் கூடிச் செப்பி என்னும் உலகக் கூட்டமைப்பை நிறுவின. அது முதலில் எடுத்துக்கொண்ட நோய்களுள் நிப்பாவும் ஒன்று.

தடுப்பூசி செய்யும் முறை எளிதில் விளங்கக் கூடியதே. நிப்பாவின் மேலுறையில் ஒரு புரதம் உண்டு. அதைக்கொண்டே அது உயிரணுவைப் பற்றிக்கொள்கிறது. முழுக் கிருமியை விட்டு, அப்புரதத்தை மட்டும் உடலுக்குக் காட்டிவிட்டால், உடல் அதை அடையாளம் கண்டு எதிர்ப்பொருளை ஆக்கிக்கொள்ளும். ஹெண்ட்ராவின் புரதத்தைக்கொண்டு குதிரைகளுக்கான தடுப்பூசி 2012 ஆம் ஆண்டு ஆஸ்திரேலியாவில் வெளிவந்தது. உறவு நெருக்கத்தால் அப்புரதம் நிப்பாவையும் தடுக்கும் என்று விலங்குச் சோதனைகள் காட்டின. 2020 இல் மனிதரிடமும் சோதனை தொடங்கிற்று. ஆக்ஸ்போர்டுப் பல்கலைக்கழகம் வேறொரு வழியைக் கையாண்டது. தீங்கற்றதாக்கிய ஒரு குரங்குச் சளி நச்சுயிரியை வாகனமாக்கி, நிப்பாவின் புரதத்தைச் செய்யும் குறிப்பை அதில் ஏற்றியது. 2024 ஜனவரியில் தன்னார்வலர்களுக்கு அவ்வூசி முதன்முதலாகப் போடப்பட்டது. அதே பல்கலைக்கழகம் அதே வாகனத்தில் செய்த கோவிட் தடுப்பூசியை நம்மில் பலர் 2021 இல் போட்டுக்கொண்டோம்.

நம் கடமை

நோய்க்கு நம் கிராமத்தின் பெயர். அதைக் கண்டறிந்தவர் நம் பல்கலைக்கழகத்தார். தடுப்பூசி மட்டும் வேறு நாடுகளிலிருந்து வரவேண்டியிருக்கிறது. இக்குறையை நாடு உணராமல் இல்லை. தடுப்பூசி ஆக்கத்திற்கென ஒரு தேசியத் திட்டம் 2021 இல் வகுக்கப்பட்டது. பினாங்கைத் தலைமையிடமாகக் கொண்ட மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தின் கிளந்தான் வளாகத்தில், வாந்திபேதிக் கிருமியை வலுவிழக்கச் செய்து தடுப்பூசியாக்கும் ஆராய்ச்சி பல ஆண்டுகளாக நடந்திருக்கிறது. கட்டடமும் கருவியும் பணத்தால் வரும். ஐயுற்று வினவும் மனம் பள்ளியில்தான் வரவேண்டும்.

ஆசிரியர்கள் ஒரு பாடவேளையை இதற்கென ஒதுக்கலாம். நோயின் பெயரைச் சொல்லாமல் மேற்கண்ட ஐந்து உண்மைகளையும் கரும்பலகையில் எழுதுங்கள். ‘இது கொசுவால் வந்ததா?’ என்று கேளுங்கள். ‘ஆம்’ என்பவன் காரணம் காட்டட்டும்; ‘இல்லை’ என்பவளும் காட்டட்டும். விடையை நாம் முந்திக்கொண்டு கூறிவிடலாகாது. நம் பிள்ளைகள் பாடநூல் விடையை ஒப்பிப்பதில் வல்லவர்கள்; பொருந்தாத ஒன்றைப் பொருந்தாது என்று எழுந்து சொல்லும் துணிவை நாம்தான் ஊட்ட வேண்டும். கூடவே, வௌவாலோ அணிலோ கடித்துப் போட்ட பழத்தை உண்ணலாகாது என்பதையும், ஆடுமாடு கோழிகளைத் தொட்டபின் சோப்பிட்டுக் கைகழுவ வேண்டும் என்பதையும் சொல்லிவையுங்கள். தோட்டத்துப் பிள்ளைகளுக்கு இவை அன்றாடம் பயன்படும் செய்திகள். நாளை வேறொரு புதிய நோய் வரும்போது, அதற்குச் சரியான பெயர் வைப்பவர் இன்று நம் முன் அமர்ந்திருக்கும் பிள்ளையாகவும் இருக்கலாம்.