இருபத்தைந்தில் ஒளிந்துள்ள பத்து

ஓர் ஈரிலக்க எண்ணின் இலக்கங்களைக் கூட்டினால் 11 வரும். அவ்விலக்கங்களை இடம்மாற்றி எழுதினால், வரும் எண் முன்னையதிலும் 27 கூடியதாகும். அவ்வெண் யாது?

கணித நூல்களிலே தலைமுறை தலைமுறையாக இடம்பெற்றுவரும் வினா இது. ஒருங்கமை சமன்பாடுகளை எளிதிலே தீர்க்கவல்ல மாணாக்கருங்கூட இதனைக் கண்டதும் முகம் வாடுவதை ஆசிரியர்கள் அறிவர்.

பல்லாண்டுகளுக்கு முன் என் வகுப்பு மாணவியொருத்தி இக்கணக்கை இப்படித் தொடங்கினாள். பத்தினிடத்து இலக்கம் ‘ப’. ஒன்றினிடத்து இலக்கம் ‘ஒ’. ஆகவே எண் ‘பஒ’. இடம்மாற்றினால் ‘ஒப’. அட்சரகணிதத்திலே எழுத்துக்களை அருகருகே எழுதினால் பெருக்கம் என்பது விதி. இரண்டை ஐந்தாற் பெருக்கினாலும் ஐந்தை இரண்டாற் பெருக்கினாலும் பத்துத்தானே? பஒவும் ஒபவும் ஒன்றேயாக, அவற்றின் வித்தியாசம் பூச்சியமாயிற்று. வினாவோ 27 என்கின்றது. ‘0 = 27’ என்று எழுதி அவ்வளவில் நிறுத்திவிட்டாள். நான் சிவப்பு மையாற் குறுக்கே கோடிட்டேன்.

“சேர், இருபத்தைந்து எழுதேக்கை இரண்டையும் அஞ்சையும் பக்கத்திலை பக்கத்திலை வைச்சுத்தானே எழுதுறம்?” என்று கேட்டாள். புத்தகத்திலுள்ள உதாரணத்தைப் பார்க்கும்படி கூறிவிட்டு அடுத்த மேசைக்குச் சென்றேன். அதன்பின் என் பாடவேளைகளில் அவள் கேள்வி கேட்டதில்லை.

அவள் கேட்டது தக்க கேள்வி. 25 என்ற வரிவடிவத்திலே ‘பத்து’ எங்கும் தோன்றுவதில்லை. இரண்டு நிற்கும் இடமே அதனை உணர்த்திவிடுகின்றது. இலக்கத்துக்கு இவ்வாறு ஒரு வழக்கையும் எழுத்துக்கு வேறொரு வழக்கையும் கற்பித்துவிட்டு, இரண்டும் மோதுமிடத்தில் நாம் மாணாக்கரைக் கைவிடுகின்றோம். ஆனால் நம் நா பத்தை மறைப்பதில்லை: இரு பத்து, ஐந்து. பழைய தமிழ் எண்முறையும் மறைத்ததில்லை. பத்துக்கு ௰, நூற்றுக்கு ௱, ஆயிரத்துக்கு ௲ எனத் தனிக்குறிகள் கொண்டு, பூச்சியத்தின் துணையின்றி வழங்கிய அம்முறையில் இருபத்தைந்து ௨௰௫ என எழுதப்பட்டது. ஏட்டிலே எண் பயின்ற சிறுவனொருவனிடம் இரண்டுக்கும் ஐந்துக்கும் பதிலாகத் தெரியாக் கணியங்களை இடச்சொல்லியிருந்தால், ப௰ஒ என்றே எழுதியிருப்பான். நாம் 10ப + ஒ என எழுதுவது அதனையே. (பழைய முறையே சிறந்ததென நான் வாதிடவில்லை; ௨௰௫ஐ ௩௰௭ஆற் பெருக்கிப் பார்க்க முயல்வோர் இடப்பெறுமானத்தின் அருமையை விரைவில் உணர்வர்.) சொல்வழக்கும் ஓரிடத்தில் நம்மை ஏமாற்றுகின்றது. தொண்ணூற்றிலே பத்தைத் தேடினால் நூறு வந்து நிற்கும்!

பத்தை வெளியே கொணர்ந்தபின் கணக்கில் மிஞ்சுவது சிறிதே. முதலெண் 10ப + ஒ. மாற்றியது 10ஒ + ப. கழித்தால் 9ஒ − 9ப. அது 27 ஆகையால், ஒ என்பது பவிலும் 3 கூடியது. இரண்டும் சேர்ந்து 11. எனவே ப 4, ஒ 7, எண் 47.

இடையில் வந்த ஒன்பதைச் சற்றுக் கவனித்தல் வேண்டும். எந்த ஈரிலக்க எண்ணை இடம்மாற்றினாலும் வித்தியாசம் ஒன்பதின் மடங்கேயாகும். கணக்குப் பதிவோர் இதனை நன்கறிவர். இருபக்கத் தொகைகளும் ஒத்துவராது, வித்தியாசம் ஒன்பதால் மிச்சமின்றி வகுபடுமாயின், எங்கேனும் 47ஐ 74 எனப் பதிந்திருக்கலாமென்று பேரேட்டைப் புரட்டுவர். அது தடயமேயன்றி முடிவான சான்றன்று. பதியாமலே விடுபட்ட 36 ரூபாவும் ஒன்பதால் வகுபடும்.

இவ்வகைக் கணக்குகளில் வினாவிலே சொல்லப்படாத நிபந்தனையொன்றும் உண்டு. மேற்படி வினாவிற் கூட்டுத்தொகையை 11க்குப் பதில் 10 என மாற்றிப் பாருங்கள். சமன்பாடுகள் தயங்காது விடைதரும்: 3½, 6½. அத்தகைய இலக்கங்கள் உலகில் இல்லை. இலக்கம் என்பது 0 முதல் 9 வரையுள்ள முழுவெண் என்ற கட்டுப்பாடு இங்கே விடையை மறுக்கின்றது. பிறிதோரிடத்தில் அதுவே விடையைத் தேடித் தருகின்றது. தன் இலக்கங்களின் கூட்டுத்தொகையைப் போல் நான்கு மடங்கான ஈரிலக்க எண் எது? சமன்பாடு ஒன்று, தெரியாக் கணியம் இரண்டு. எனினும் சுருக்கினால் ஒ = 2ப; விடைகள் 12, 24, 36, 48 ஆகிய நான்குமட்டுமே. இவற்றை இடம்மாற்றினால் வரும் 21, 42, 63, 84 ஆகியன தம் கூட்டுத்தொகையைப் போல் ஏழு மடங்காய் அமைகின்றன. எண்ணையும் அதன் மாற்றையும் கூட்டினால் 11ப + 11ஒ, அதாவது இலக்கக் கூட்டுத்தொகையின் பதினொரு மடங்கு. நான்கு போக மிஞ்சுவது ஏழு.

சமன்பாடு எழுதாமலே விடைகாணும் மாணாக்கரும் உளர். கூட்டுத்தொகை 11 ஆகும் ஈரிலக்க எண்கள் 29, 38, 47, 56, 65, 74, 83, 92 என எட்டே. எட்டையும் எழுதிச் சோதித்து 47 என்பவருக்கு முழுப்புள்ளி வழங்க நான் தயங்கேன். விடுபட்டது எதுவுமில்லையென்று காட்டியபின் அது நிறுவலே. இரண்டொன்றை முயன்று தற்செயலாக 47ஐத் தொட்டவரின் நிலை வேறு.

‘0 = 27’ என்ற அந்த வரியை வெகுகாலத்தின் பின்னரே நான் சரியாக வாசித்தேன். எண்ணைப் ‘பஒ’ எனக் கொண்டால் பூச்சியமும் இருபத்தேழும் சமமாகும், அது நடவாது, ஆகவே எண் ‘பஒ’ அன்று. இரண்டின் வர்க்கமூலம் விகிதமுறா எண்ணென்று நிறுவும்போது மேல்வகுப்பிலே நாம் கையாளும் வழியும் இதுவே. அவள் அவ்வளவுதூரம் தானாகவே வந்திருந்தாள். எழுத எஞ்சியிருந்தது ஒரேயொரு வசனம். அக்கணக்குக்கு நான் இட்ட புள்ளி பூச்சியம்.