கொடுமுடிக் குரல் கடந்த மேடைகள்

ஆடி மாதமானால் நம் ஊர்க் கோவில்களில் ஒலிபெருக்கி கட்டுவார்கள். பனியன் இயந்திரங்களின் இரைச்சலையும் மீறிக்கொண்டு கணீரென்று ஒரு பெண் குரல் வரும். அக்குரலுக்குரிய கே. பி. சுந்தராம்பாள், ஈரோட்டை அடுத்த காவிரிக்கரைக் கொடுமுடியில் 1908-ல் பிறந்தவர். நம்மவர் என்று உரிமை கொண்டாடும் நாம், அவர் எத்தனை கலைத்துறைகளைக் கடந்து வந்தார் என்பதை எண்ணிப் பார்த்ததுண்டா?

வறுமையில் வளர்ந்த சிறுமி, வேலு நாயர் நாடகக் குழுவில் சேர்ந்தார். அந்நாளில் ஒலிபெருக்கி ஏது? கொட்டகையின் கடைசி வரிசையில் காலணாக் கொடுத்து உட்கார்ந்தவன் காதிலும் பாட்டு விழ வேண்டும். இல்லையேல் கூச்சல்தான்! ஆகவே ஐந்து கட்டைச் சுருதியில் பாடினார்கள். இலங்கை மேடைகளில் அவருக்கு ஈடாகப் பாடிய எஸ். ஜி. கிட்டப்பாவை 1927-ல் மணந்தார்.

பின்னர் வந்தது இசைத்தட்டு. மேடையில் ரசிகர் 'ஒன்ஸ்மோர்' கேட்டால் ஒரே பாட்டை விரித்துக்கொண்டே போகலாம். தட்டின் ஒரு பக்கமோ மூன்று நிமிடத்தில் முடிந்துவிடும். அந்த அளவுக்குள் பாட்டை அடக்கக் கற்றது எளிய காரியமன்று. நம் திருப்பூரில் குமரன் உயிர்நீத்த 1932-ஐ ஒட்டிய ஆண்டுகளில் அவர் பாடிய தேசியப் பாடல்களும் தட்டுகளில் ஏறி, மேடை காணாத சிற்றூர்களுக்கும் சென்றன.

1933 டிசம்பரில் கிட்டப்பா இறந்தார். சுந்தராம்பாளுக்கு அப்போது வயது இருபத்தைந்து. வெள்ளைச் சேலை உடுத்தினார். இனி ஆடவருடன் இணைந்து நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார். காதற் காட்சியே மூலதனமான தொழிலில் இது தற்கொலைக்கு ஒப்பான முடிவு என்றே எவரும் கருதியிருப்பர். ஆனால் சினிமாக்காரர்கள் அவரை விடவில்லை. 1935-ல் வெளிவந்த 'பக்த நந்தனா'ரில் அவருக்கு ஓர் இலட்சம் ரூபாய் ஊதியம்! அந்நாளில் கேட்டறியாத தொகை. ஆணாகவே வேடமிட்டதால் விரதமும் குலையவில்லை. படம் மட்டும் எடுபடவில்லை. கல்கி அதைக் கடுமையாகக் கேலி செய்தார். மேடைப் பாட்டைக் காமிரா முன் கொண்டுவந்து நிறுத்தினால் மட்டும் படமாகிவிடாது என்பது என் எண்ணம்.

ஜெமினியாரின் 'ஔவையார்' 1953-ல் அக்குறையைத் தீர்த்தது. நாற்பத்தைந்து வயதில் மூதாட்டியானார். அவ்வேடத்தில் இளமையும் வேண்டாம், துணைநாயகனும் வேண்டாம். தமிழும் குரலும் போதும். 'பூம்புகா'ரில் (1964) கவுந்தியடிகள், 'திருவிளையாட'லில் (1965) மீண்டும் ஔவை, 1973-ல் காரைக்கால் அம்மையார். விரதம் அடைத்த கதவுகளை எண்ணிப் பார்த்தால், திறந்தவை இவைதாம்.

இடையில் சட்ட மேலவை உறுப்பினருமானார். 'துணைவன்' (1969) பாடல்களுக்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது. அறுபது வயதைக் கடந்த நிலையிலும், கொட்டகையின் கடைசி வரிசையை எட்டப் பழகிய அந்தச் சுருதி இறங்கவில்லை. 1980-ல் மறைந்தார்.