கடிதம் போடாத மகள்... அம்மாவின் பேச்சையே சினிமாவாக்கிய ஷாந்தால் அக்கர்மன்!

மகள் வெளியூரில் இருந்தால் அம்மாக்கள் என்ன கேட்பார்கள்? உடம்பு எப்படி இருக்கு, அனுப்பின துணி வந்துச்சா, ஏன் ஒரு தகவலும் இல்லை... கிட்டத்தட்ட இந்தக் கேள்விகளை மட்டுமே வைத்து ஒரு முழுநீளப் படம் இருக்கிறது.

எடுத்தவர் ஷாந்தால் அக்கர்மன். போலந்திலிருந்து பெல்ஜியத்துக்கு வந்த யூதக் குடும்பத்தில், 1950-ல் பிரஸ்ஸல்ஸில் பிறந்தவர். 2022-ல் 'சைட் அண்ட் சவுண்ட்' இதழின் வாக்கெடுப்பில் உலகின் தலைசிறந்த படமாகத் தேர்வானது இவருடைய 'ஜான் தீல்மன்'தான்.

21 வயதில் சினிமா கனவோடு நியூயார்க் போனார் ஷாந்தால். அம்மா நத்தாலியா விடாமல் கடிதம் எழுதினார். அப்பாவின் வியாபாரம், சொந்தக்காரர் வீட்டு விசேஷம், தன் உடல்நிலை என எல்லாம் அதில் இருக்கும். சில வருடங்கள் கழித்து அந்தக் கடிதங்களை ஷாந்தாலே தன் குரலில் வாசித்தார். அதுதான் 'நியூஸ் ஃப்ரம் ஹோம்'. திரையில் கதை இல்லை, நடிகர்கள் இல்லை. நியூயார்க் தெருக்களும் சுரங்க ரயிலும் மட்டும்தான். பல இடங்களில் ரயில் சத்தம் அம்மாவின் வார்த்தைகளை விழுங்கிவிடுகிறது. மகளின் பதில் கடிதம் ஒன்றுகூட படத்தில் இல்லை.

பார்க்கப் பொறுமை வேண்டும்தான். முதல் 20 நிமிடங்களில், ஓட்டிவிடலாமா என்று எனக்கும் தோன்றியது. ஆனால், ஒரு விஷயம் தெரிந்த பிறகு அந்தக் கடிதங்கள் வேறு மாதிரி கேட்கின்றன. நத்தாலியா, ஆஷ்விட்ஸ் வதைமுகாமிலிருந்து உயிரோடு திரும்பியவர். அவருடைய பெற்றோர் திரும்பவில்லை. அதைப் பற்றி அவர் வீட்டில் அதிகம் பேசியதே இல்லை. கடிதம் தாமதமானால் அந்த அம்மாவுக்கு மனதில் என்னவெல்லாம் ஓடியிருக்கும்?

ஏறக்குறைய 40 வருடங்கள் கழித்து, 'நோ ஹோம் மூவி'யில் அதே அம்மாவை நாம் நேரில் பார்க்கிறோம். சமையலறை மேஜையில் உருளைக்கிழங்கு சாப்பிட்டபடி இருவரும் பழைய கதை பேசுகிறார்கள். மகள் ஊரில் இல்லாதபோது ஸ்கைப். எதற்கு இதையெல்லாம் படம் பிடிக்கிறாய் என்று அம்மா கேட்க, உலகத்தில் தூரம் என்று ஒன்று இல்லையெனக் காட்டத்தான் என்கிறார் மகள். விடைபெற்ற பிறகும் அழைப்பைத் துண்டிக்க இருவருக்கும் மனம் வருவதில்லை.

நத்தாலியா 2014-ல் இறந்தார். 2015 ஆகஸ்ட்டில் படம் லொகார்னோ விழாவில் திரையிடப்பட்டது. அதே அக்டோபரில் ஷாந்தாலும் மறைந்தார்.

படத்தின் முடிவில் ஷாந்தால் ஷூ கயிற்றைக் கட்டுகிறார், ஜன்னல் திரைச்சீலையை இழுத்து மூடுகிறார். பிறகு அந்த வீடு மட்டும் தெரிகிறது. பேச்சுச் சத்தம் இல்லை.